பிரதான் ஒச்சம்மா

ஒச்சம்மா பிறந்தது தீவின் தலைநகரில், துறைமுகத்தை ஒட்டிய ஹேடோவில். அப்பா கப்பல் ஜெட்டியில் மூட்டை தூக்கினார். வங்காளி, தெலுங்குப் பிள்ளைகளோடு குழாயடியில் மல்லுக்கட்டி வளர்ந்ததால் தமிழைப் போலவே இந்தியிலும் அவளுக்கு வாய் அதிகம். கல்யாணமாகி, லாங் ஐலண்டுக்கு எதிர்க்கரையில் உள்ள கிராமத்துக்கு வந்தபின் அந்த வாய் அடங்கிப்போனது. கணவன் பாலகுமார் சின்னச் சின்ன காண்ட்ராக்ட் எடுப்பவன். வீட்டில் பேச்செல்லாம் அவனுடையதுதான்.

பஞ்சாயத்துத் தலைவரைத் தீவில் பிரதான் என்பார்கள். அந்தப் பதவி பெண்களுக்கு ஒதுக்கப்பட்டபோது அவன்தான் அவளைத் தேர்தலில் நிறுத்தினான். ஜெயித்தாள். மாலை மட்டும் அவள் கழுத்தில் விழுந்தது. கூட்டத்துக்குப் போனதும், நாற்காலியில் உட்கார்ந்ததும், அதிகாரிகளுக்கு டீ சொன்னதும் அவன்.

"ஆம்பளைங்க பேசுற எடத்துல உனக்கு என்ன வேலை?" என்பான். அவளும் மீன் அரிந்த கையைத் துடைத்துக்கொண்டு, அவன் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுவாள்.

அவள் அவனிடம் கேட்டது ஒன்றுதான். மேட்டுக் குடியிருப்புக்குத் தண்ணீர்க் குழாய். கோடையில் அங்குள்ள பெண்கள் சரிவில் இறங்கி, ஓடையில் கலங்கிக் கிடப்பதை மொண்டு, சுமந்து ஏறுவார்கள். சந்திரமதி அப்படித்தான் ஏழு மாத வயிற்றோடும் குடத்தோடும் சறுக்கி விழுந்து, பிள்ளையைப் பறிகொடுத்தாள். ஓட்டுக் கேட்கப் போன ஒச்சம்மாவின் கையைப் பிடித்து, "கொழாய் மட்டும் கொண்டாந்துடுக்கா" என்றாள். ஒச்சம்மா வாக்குக் கொடுத்திருந்தாள்.

குழாய்க்கு சாங்ஷன் வந்தது. பள்ளம் தோண்டுகிறார்கள் என்று கேள்விப்பட்டு ஆசையாகப் பார்க்கப் போனாள். பள்ளம் மேட்டுக்கு ஏறவில்லை. பாதியில் திரும்பி, கடற்கரையில் புதிதாக எழும்பிக்கொண்டிருந்த டூரிஸ்ட் காட்டேஜ்களை நோக்கிப் போனது.

"குணா, எங்கடா போகுது இது?"

மேஸ்திரி குணா நிமிர்ந்தான். "காட்டேஜுக்குத்தான்கா. மேட்டுக்கு அப்புறமா பாத்துக்கலாமாம். பிரதான் சொன்னாரு."

"பிரதான் யாருடா?"

அவள் எதைக் கேட்கிறாள் என்றே அவனுக்குப் புரியவில்லை. "பாலகுமார் அண்ணன்தான்கா."

ஒச்சம்மா பள்ளம் திரும்பிய இடத்தைப் பார்த்தாள். மீன் கவிச்சியோடு போட்ட எந்தக் கையெழுத்து இது? சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு பள்ளத்துக்குள் இறங்கி உட்கார்ந்தாள்.

"காம் பந்த் கரோ," என்று வேலையாட்களைப் பார்த்துக் கத்தினாள். "பிரதான் மை ஹூம். நான்தான் பிரதான்."

கடப்பாரைகள் நின்றன. சேதி கேட்டு மேட்டிலிருந்து பெண்கள் காலிக் குடங்களோடு வந்தார்கள். சந்திரமதி அவள் பக்கத்தில் இறங்கி உட்கார்ந்தாள். பாலகுமார் பைக்கில் பறந்து வந்தான்.

"எந்திரிச்சு வாடி. ஊரே பாக்குது."

"பாக்கட்டும். ஓட்டுப் போட்ட ஊருதானே."

"காட்டேஜ் வந்தா நம்ம பசங்களுக்கு வேலை கெடைக்கும். ஊர் முன்னேறும். உனக்கு இதெல்லாம் தெரியாது."

"சந்திரமதி புள்ளைய எங்க பொதைச்சோம்னு எனக்குத் தெரியும். உங்களுக்குத் தெரியுமா?"

அவனுக்குத் தெரியாது. அன்றைக்கு அவன் அந்தப் பக்கமே போகவில்லை. கையைப் பிடித்து இழுத்தான், அவள் உதறினாள். சேதி கேட்டு ரங்கத் டவுன் ஆபீசிலிருந்து வந்த ஜூனியர் இன்ஜினியரும் பாலகுமாரிடம்தான் பேசத் தொடங்கினார்.

"சாப், இதர் பாத் கரோ," என்று பள்ளத்துக்குள்ளிருந்து அவரைத் தன் பக்கம் பேசக் கூப்பிட்டாள்.

அவர் குனிந்துதான் பேச வேண்டியிருந்தது. பள்ளத்தை மேட்டுக்கே திருப்புவதாக அவர் சொன்னபின்தான் அவள் எழுந்தாள். மழைக்கு முன்பே பள்ளம் மேட்டுக்கு ஏறியது.

பாலகுமார் கோபித்துக்கொண்டு அண்ணன் வீட்டில் சாப்பிட ஆரம்பித்தான். அவள் கூப்பிடவில்லை. அடுத்த கூட்டத்துக்குப் போனபோது, அவளுக்கு முன்பே வந்து அந்த நாற்காலியில் அவன் உட்கார்ந்திருந்தான். "எந்திரிங்க" என்றாள். எல்லோரும் பார்க்க எழுந்து, ஜன்னலோரமாகப் போய் நின்றான்.

இப்போது மேட்டில் ஒருநாள் விட்டு ஒருநாள் தண்ணீர் வருகிறது. தினமும் வேண்டும் என்று அவள் ஆபீசில் சண்டை போடுகிறாள். கூட்டத்தில் இன்னமும் சில மெம்பர்கள் ஜன்னலைப் பார்த்தே பேசுகிறார்கள். ஒச்சம்மா மேசையை ஓங்கித் தட்டுகிறாள்.

"இங்க பாத்துப் பேசுங்க."