ஒரு மதிப்பெண்ணும் முகத்துவாரமும்

கொசஸ்தலை ஆறு கடலில் சேரும் இடம் எது என்று அரசுத் தேர்வில் கேட்டிருந்தார்கள். அந்த முகத்துவாரத்தை ஒட்டிய நெட்டுக்குப்பத்தில் பிறந்த நான் யோசிக்காமல் எண்ணூர் என்று குறித்தேன். விடைக்குறிப்பிலோ பழவேற்காடு என்று இருந்தது. ஆட்சேபிக்க ஒரு வாரம் இருந்தும், அவர்களுக்குத் தெரியாததா என்று விட்டுவிட்டேன். ஒரே மதிப்பெண்ணில் வேலை கிடைக்காமல் போனது.

வேறு சிலர் வழக்குப் போட்டார்கள். எண்ணூர்தான் சரி என்ற நீதிமன்றம், உரிய நாளில் ஆட்சேபித்தவர்களுக்கு மட்டும் மதிப்பெண் தரச் சொன்னது.

அன்று மாலை முகத்துவாரத்தில் நின்றேன். அனல்மின் நிலையப் புகையினூடே வந்த மங்கல் வெளிச்சத்தில், ஆறு எது, கடல் எது என்று தெரியாமல் நீர் மெல்ல அசைந்தது. நானும் அதில் மிதப்பதுபோல் இருந்தது.

வலையை உதறிக்கொண்டிருந்த அப்பா, "இன்னாம்மா, டெய்லி அத்த பாத்துகினு கீற. எவனோ எழுதுனதுக்கு உன் கண்ண நம்பாம பூட்டியே" என்றார்.

இப்போதெல்லாம் எந்தத் தேர்வு எழுதினாலும், விடைக்குறிப்பில் தவறு இருந்தால் அது வந்த அன்றே, பாடப்புத்தகப் பக்கத்தோடு ஆட்சேபம் அனுப்பிவிட்டுத்தான் சாப்பிடுகிறேன். ஆறு இன்னமும் எங்கள் தெருமுனையில்தான் கடலில் சேருகிறது.