பதினோரு எக்ஸ்

என் அத்தைக்குச் சட்டைத் தொழிற்சாலையில் பொத்தான் பிரிக்கிற வேலை. வெள்ளை, நீலம், கறுப்பு எல்லாம் கலந்து மேசையில் கொட்டிக் கிடக்கும். அவள் நிறம் பார்த்துத் தனித்தனித் தட்டில் தள்ளுவாள். பெரிசா சின்னதா என்று பார்ப்பது அவள் வேலையில்லை. அதற்கு அடுத்த மேசையில் சல்லடை உண்டு. கை பாட்டுக்குக் கை, வாய் பாட்டுக்கு வாய் என்று ஓடும்.

மேற்பார்வையாளர் நாற்காலி காலியானபோது, அது அவளுக்குத்தான் என்றார்கள். பள்ளி இறுதித் தேர்வில் தேறியிருந்தால் போதும். மாமா சமையலைத் தன் தலையில் போட்டுக்கொண்டார். அத்தை மாலை வகுப்பில் சேர்ந்தாள்.

அங்கே எல்லாம் அவள் மகள் வயதுப் பிள்ளைகள். முதல் வாரமே ஏதோ சந்தேகம் கேட்கப்போய்ப் பின்வரிசையில் சிரிப்புக் கிளம்பிவிட்டது. அதோடு வாயைத் திறக்கவில்லை. நாலு பேர் வாயை அடைக்கிற மனுஷி! இயற்கணிதத்தில் ஒத்த உறுப்புகளைச் சேர்த்துச் சுருக்குகிற கணக்கு வந்ததும் ஒரே குஷி. "எக்ஸ் தனி, ஒய் தனி. இது நம்ம வேலைதானே!" என்று மாமாவிடம் அளந்தாள்.

தேர்வு எழுதிவிட்டு வந்து வினாத்தாளை என்னிடம் நீட்டினாள். நான் அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். சுருக்குக: 3x² + 5x + 2x² + x.

"பதினோரு எக்ஸ்," என்றாள் பெருமையாக.

"தலைமேல இருக்கிற ரெண்டை என்ன பண்ணின அத்தை?"

"அதுவா? இது பெரிய எக்ஸ்னு அளவு போட்டிருக்கான். அளவெல்லாம் அடுத்த மேசைக்காரங்க பாத்துப்பாங்க."

வந்த சிரிப்பை விழுங்கினேன். எக்ஸை எக்ஸாலேயே பெருக்கினால்தான் x², அது வேறு இனம், இரண்டையும் கூட்டக் கூடாது, விடை 5x² + 6x என்றேன். உடனே பிடித்துக்கொண்டாள். அதேபோல் இன்னொன்று கொடுத்தேன், சரியாகப் போட்டாள். அப்புறம்தான் முகம் தொங்கிப் போயிற்று.

"இவ்ளோதானா? ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே நான்!"

தேர்வில் மயிரிழையில் தவறினாள். நாற்காலி வேறொருத்திக்குப் போனது. மறுபடி எழுதச் சொல்லி மாமா கெஞ்சிப் பார்த்தார், மசியவில்லை. ஓய்வு பெறும்வரை அதே மேசைதான்.

தோற்றது தொலையட்டும். அதற்குப்பின் யார் படிப்புப் பேச்சை எடுத்தாலும், "எனக்குக் கணக்கு வராதுங்க" என்று சொல்லிச் சொல்லியே செத்துப்போனாளே, அதுதான் எனக்கு ஆறவில்லை. வந்ததே! என் கண்ணெதிரே போட்டாளே!