பேரில் இல்லாத வீட்டுக்கு ஒரு பதிவுத் தபால்

இருபத்திரண்டு வருடம் அரசறிவியல் கற்பித்தேன். அரசு, குடிமகன், உரிமை என்று பலகை நிறைய எழுதிவிட்டு, கடைசியில் ஒரு பல்கலைக்கழகத்தின் பதுளை வளாகத்தில் மாணவர் அனுமதிப் பிரிவுக்குப் பொறுப்பாக வந்து உட்கார்ந்தேன். "அரசியல் படிச்சவங்க நிர்வாகம் செஞ்சா நல்லா இருக்கும் மெடம்" என்றார் வளாக முதல்வர். அதை நம்பியது என் முதல் பிழை. இரண்டாவது பிழையைப் பற்றித்தான் இந்தக் குறிப்பு.

1. நான் எழுதிய விதி

வந்த நாளிலிருந்து மேசைத் தொலைபேசி ஓயவில்லை. வெற்றிடங்களுக்கு யாரைக் கூப்பிடுவது என்பதில் ஊரிலுள்ள பெரிய மனிதர்கள் எல்லோருக்கும் ஒரு கருத்து இருந்தது. எரிச்சல் தாங்காமல் ஒரு விதி எழுதினேன். அழைப்பு பதிவுத் தபாலில் போகும், ஈமெயிலில் ஒரு பிரதியும். தொலைபேசிப் பேச்சு கிடையாது. பதினான்கு நாளில் பதில் வராவிட்டாலும், கடிதம் திரும்பி வந்தாலும், இடம் பட்டியலில் அடுத்தவருக்கு. வளாகச் சபை ஒரே கூட்டத்தில் ஏற்றுக்கொண்டது. வகுப்பில் வாய் கிழியப் பேசிய பாரபட்சமின்மையைக் காகிதத்தில் கொண்டுவந்துவிட்டேன் என்று எனக்கு ஒரே பெருமை.

2. மடுல்சீமையிலிருந்து வந்த இருவர்

மூன்றாவது வருடம் ஒரு திங்கட்கிழமை, மடுல்சீமைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றிலிருந்து தர்சினி என்ற பெண் தாயோடு வந்தாள். கூடப் படித்தவள் சொல்லித்தான் அழைப்புக் கடிதம் போனதே அவளுக்குத் தெரிந்ததாம். கோப்பை எடுத்தேன். கடிதம் போயிருந்தது, திரும்பியும் வந்திருந்தது. உறையின் மேல் தோட்ட ஆபீஸ் முத்திரையும் 'பேரில் இல்லை' என்ற குறிப்பும். கோப்பை மூடச் சொல்லி என் கையெழுத்து.

"அட்ரஸ் சரியாத்தானே இருக்கு?" என்று கேட்டேன்.

"சரிதாங்க மிஸ்" என்றாள் தாய். "கடுதாசி எல்லாம் தோட்டத்து ஆபீசுக்குத்தான் வரும். காலைல பெரட்டுக்கு நிக்கிறப்ப கிளாக்கரய்யா பேரு வாசிச்சுக் குடுப்பாரு. நான் வெளிநாடு போய்ட்டு வந்ததுல பேர வெட்டிட்டாங்க. இப்ப அன்னன்னிக்குக் குடுக்கிற கைக்காசுக்குத்தான் கொழுந்தெடுக்கிறேன். பேர்ல இல்லாத வீட்டுக் கடுதாசிய திருப்பி அனுப்பிருவாங்க."

எனக்கு முகம் சுருங்கிப்போனது. நமுனுகுலையில் தோட்டத் தொழிலாளர் லயத்து வீட்டில் பிறந்து வளர்ந்தவள் நான். ஆபீஸ் பதிவேட்டில் பெயர் உள்ளவர்தான் தோட்டத்தில் ஆள் என்பதை எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. எங்கள் வீட்டுக் கடிதங்களும், காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் வாசிக்கப்பட்டவைதான். வெட்கமாக இருந்தது.

"ஈமெயிலும் அனுப்பினோமே மெடம்" என்றார் என் எழுதுவினைஞர், விடாமல். அது தர்சினியின் ஆசிரியர் தன் போனில் திறந்துகொடுத்த முகவரி. அவர் மாற்றலாகிப் போய் எட்டு மாதம்.

அவளுடைய இடம் அடுத்தவனுக்குப் போய்விட்டது. அவன் வகுப்புக்கும் வரத் தொடங்கிவிட்டான். தர்சினி உயர்தரப் பரீட்சையை, அனுமதிக்கப்பட்ட மூன்று தடவையும் எழுதி முடித்தவள். இனி எழுத வழியில்லை.

3. யாருடைய பிழை

பல்கலைக்கழக மேலிடத்திடம் மேலதிகமாக ஓர் இடம் கேட்கலாம். ஆனால் வளாகத்தின் பிழையால் இடம் போனது என்று எழுத்தில் இருக்க வேண்டும், பிழை செய்தவர் பெயரோடு.

"தோட்ட ஆபீஸ் பிழைன்னு எழுதிடுங்க மெடம்" என்றார் முதல்வர், வளாகச் சபைக் கூட்டத்தில்.

"அப்படி எழுதினா இடம் கிடைக்காது சேர். நம்ம பிழையா இருந்தாத்தான் கிடைக்கும்."

"அப்போ யார் பேரை எழுதுறது?"

மேசையைச் சுற்றி ஒன்பது பேர். எல்லோருக்கும் அந்த நேரம் பார்த்துத் தேத்தண்ணி குடிக்க வேண்டியிருந்தது. என் பெயரை எழுதிக் கொடுத்தேன். எனக்கு வரவிருந்த பதவி உயர்வு அதோடு நின்றுபோனது. வலிக்கவில்லை என்றால் பொய்.

ஐந்தாவது வாரம் அனுமதி வந்தது. ஆபீசுக்குள் ஓடிவந்து, "அந்தப் பிள்ளைக்கு உடனே சொல்லணும்" என்றேன்.

"அனுப்பியாச்சு மெடம். காலையிலேயே, பதிவுத் தபால்ல."

அதே விலாசம். தலையில் அடித்துக்கொண்டேன். அவரைத் திட்டவும் முடியாது. நான் எழுதிய விதியை அச்சுப் பிசகாமல் செய்திருந்தார்.

மறுநாள் அனுமதிக் கடிதத்தின் பிரதியை எடுத்துக்கொண்டு மடுல்சீமை பஸ் ஏறினேன். வீதி என்ற பெயரில் இருந்த குழிகளில் இடுப்பு ஒடிந்தது. லயத்து வாசலில் தர்சினி கடிதத்தை இரண்டு தடவை மனதுக்குள் வாசித்தாள். பிறகு தாய்க்குச் சத்தமாக வாசித்தாள். தாய் அழுதுகொண்டே என் கையைப் பிடித்துக்கொண்டாள். குறை சொல்லும் தொனியே இல்லாமல் கேட்டாள்:

"மிஸ், இந்த லயத்துலயே பேர்ல இல்லாத வீடு ஏழு இருக்குங்க. அந்தப் புள்ளைங்களும் சோதனை எழுதுனதுதான். ஒன்னும் வரலன்னதும் கெடைக்கலன்னு நெனச்சு கொழும்புக்கு வேலைக்குப் போயிருச்சுங்க. அதுங்களுக்கும் வந்திருக்குமோ?"

அந்த ஏழு வீட்டுப் பிள்ளைகளின் பெயர்களையும் கேட்டு எழுதிக்கொண்டேன்.

இந்தத் தொழிலுக்கு வரும் இளையவர்களுக்கு நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான். யாருக்கும் சலுகை காட்டாத விதி எழுதிவிட்டோம் என்று மகிழுமுன், உங்கள் கடிதம் யார் யார் கை மாறி எந்த வாசலுக்குப் போகிறது என்று ஒரு தடவை கூடவே போய்ப் பாருங்கள். எனக்கு அந்த வழி தெரிந்திருந்தும் நான் போகவில்லை.

மடுல்சீமை போய் வந்த அடுத்த நாள் காலை, தோட்ட விலாசங்களிலிருந்து திரும்பி வந்த கடிதங்களைக் கொண்டுவரச் சொன்னேன்.

"எந்த வருசத்து மெடம்?" என்று கேட்டார் எழுதுவினைஞர்.

மூன்று வருடத்துக்கு மூன்று கட்டு இருந்தது.