பண்டிதர் பொறுக்கிய ராகு காலங்கள்

எங்கள் பெங்களூர் ஆஸ்டின் டவுன் வீட்டு ஹாலில் மூன்று வருடத்துக்கு முன் ஒரு மந்திரவாதி குடியேறினார். காலமும் நிழலும் கற்ற பண்டிதர். அவரைப் பெற்றவள் நான்தான். பிரசவம் நடந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை ராகு காலத்தில்.

அலுவலகத் தோழிகள் மூவரும் நானுமாகக் கதை விளையாட்டு ஆடுவோம். ஒருத்தி கதையை நடத்துவாள். மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரமாகி, இப்போது நான் இதைச் செய்கிறேன் என்று சொல்ல வேண்டும். நடக்குமா என்பதைப் பகடை சொல்லும். செத்த பாத்திரம் திரும்பி வராது என்பது எங்கள் கறாரான சட்டம். நாற்பதை நெருங்கும் நான்கு பெண்கள் பகடை உருட்டிக் கத்துவதற்கு ஓர் இடம் வேண்டுமே! மாமியாரிடம் கேட்டேன்.

"ஞாயித்துக்கெழம நாலரையிலேர்ந்து ஆறு வரைக்கும் ராகு காலம். நல்ல காரியம் எதுவும் ஆரம்பிக்கக் கூடாது," என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "இது நல்ல காரியம் இல்லியே, ஆடிக்கோங்க" என்றார்.

எனக்குச் சுர்ரென்று கோபம் வந்தது. ஆனால் அந்தக் கோபத்தில்தான் பண்டிதர் உருவானார். ஊரே தினம் ஒன்றரை மணி நேரத்தை வேண்டாமென்று ஒதுக்குகிறதே, அதெல்லாம் எங்கே போகிறது? என் பண்டிதர் அதைத் தெருத்தெருவாகப் பொறுக்கித் தன் நிழலில் முடிந்துவைப்பார். எடுத்துச் செலவழித்தால் அவ்வளவு நேரம் உலகம் அசையாமல் நிற்கும். அவர் நிழலும் அந்த அளவுக்குக் குட்டையாகும். அடுத்தவரின் நேரத்தைத் தொடமாட்டார். மனமறிந்து கொடுத்தால் மட்டும் வாங்கிக்கொள்வார். இந்த விதியை எழுதிவைத்தேனே தவிர, ஒருவரும் கொடுக்கவில்லை.

அவர் வாழ்க்கையை ஒரு நோட்டு முழுக்க எழுதினேன். சிறுவயதில் தலைமை ஆசிரியரின் மத்தியானத் தூக்கத்தைத் திருடிப் பள்ளியிலிருந்து துரத்தப்பட்டது, வேளைக்குச் சாப்பிடாமல் வயிற்றுப்புண் வாங்கிக்கொண்டது, மழைநாளில் வேலையில்லாத நிழலைக் குடைபோல மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நடப்பது, எல்லாம் அதில் உண்டு. எனக்குச் சம்பளம் வருவது மென்பொருளில் மற்றவர்கள் விட்ட பிழைகளைக் கண்டுபிடிப்பதற்காக. என் நோட்டில் இருந்த பிழை மட்டும் மூன்று வருடம் என் கண்ணில் படவில்லை.

அது கண்ணில் பட்ட ஞாயிற்றுக்கிழமை, கதையில் அணை உடைந்துவிட்டது. ஊர் ஜனங்கள் பாலத்தைக் கடந்துகொண்டிருந்தார்கள். நடுப்பாலத்தில் பண்டிதர். நிழலில் மிச்சம் எதுவும் இல்லை. நான் பதறவில்லை. "மணி அஞ்சு. ராகு காலத்தைப் பொறுக்கி வெள்ளத்தை நிறுத்தறேன்," என்றேன் பெருமையாக.

கதை நடத்துகிறவள் கன்னடக்காரி. கதைக்குள் போகும் நாள், கிழமை எல்லாவற்றையும் குறித்துவைப்பவள். தன் நோட்டைப் பார்த்தாள். "கதையில இன்னிக்கு வியாழக்கிழமைடி, கணே," என்றாள்.

எனக்குப் புரியவில்லை. பக்கத்துச் சாப்பாட்டு மேசையில் மாமியார் அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தார். நாலு மணிக்கே ஆரம்பித்துவிட்டதால் அதற்குத் தோஷம் கிடையாது. தலையைத் தூக்காமலே, "வியாழக்கெழமையா? அது ஒண்ணரைக்கு வந்து மூணுக்கே போயிடுச்சே," என்றார்.

ஞாயிறு தவிர வேறு கிழமையில் நான் ராகு காலம் பார்த்ததே இல்லை. நாலரை முதல் ஆறு என்றே நோட்டில் எழுதி, எல்லாக் கிழமைக்கும் அதையே ஓட்டிக்கொண்டிருந்தேன். தோழி பகடையைக் கையில் எடுத்தாள். இல்லாத ஒரு மனிதருக்காக எனக்கு நிஜமாகவே கண் கலங்கியது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் கலங்கியது.

"இப்ப என்னாகும் அவருக்கு?" என்று கேட்டார் மாமியார்.

"வெள்ளம் அடிச்சிக்கிட்டுப் போயிடும் அத்தை. அவரோட நேரம் தீர்ந்துபோச்சு. யாராச்சும் தங்களோட நேரத்தைக் குடுத்தாத்தான் உண்டு."

அவரைக்காய் முறத்தைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்து வந்தார்.

"எங்கிட்ட இருக்கே. கல்யாணமாகி வந்த நாள்லேர்ந்து ராகு காலத்துல நான் ஒண்ணு ஆரம்பிச்சதில்ல. ஒரு புதுப் பொடவ கட்டுனதில்ல, எங்கம்மா வூட்டுக்குக் கெளம்பணும்னாக்கூட அது போற வரைக்கும் வாசல்லயே பையோட நிப்பேன். அத்தினியும் அப்படியே கெடக்கு. எடுத்துக்கச் சொல்லு."

பையோடு வாசலில் நிற்கும் அந்த இளம்பெண்ணை நான் அதுவரை நினைத்துப் பார்த்ததே இல்லை.

தோழி பகடையைக் கீழே வைத்தாள். "இதுக்கு டைஸ் பேடா, வேண்டாம் ஆன்ட்டி," என்றாள். வெள்ளம் நின்றது. கடைசிக் கிழவர் வரை அக்கரை சேர்ந்தார்கள். பண்டிதரும் சேர்ந்தார். அவர் நிழல் பாலத்தைத் தாண்டி, ஊரைத் தாண்டி நீண்டு கிடந்ததாகத் தோழி சொன்னாள். நாங்கள் போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டு நாய் குரைத்தது.

மாமியார் உள்ளே போவார் என்று நினைத்தேன். போகவில்லை. ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு எங்களோடு உட்கார்ந்தார்.

"எனக்கும் ஒரு ஆளக் குடுங்கடி. எப்படி ஆரம்பிக்கணும்?"

நான் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன். அவரும் பார்த்தார். ஞாயிற்றுக்கிழமை, மணி ஐந்து நாற்பது. பகடைக்காகக் கையை நீட்டினார்.