றிஸ்வியின் இடம்

நேற்று ஒன்லைன் சேலில் மலிவாகக் கிடைத்த, சின்ன வயதில் விளையாடிய பழைய வீடியோ கேம் ஒன்றைக் காசு கட்டி டவுன்லோட் செய்தேன். பெயர் எழுத மூன்று இடங்கள், மூன்றும் காலி. உடனே வெள்ளவத்தையில், ரயில் போகையில் கண்ணாடியெல்லாம் அதிரும் பாறுக் நானாவின் கடை நினைவுக்கு வந்தது. கள்ளக் கேம் கசெட்டில், விளையாடி விட்ட இடம் பதியாது. ஒரிஜினல் வாங்க வசதியில்லை. அதனால் அவரிடம் வாடகைக்கு எடுப்போம்.

"முந்தி விளையாடின புள்ளட பேர அழிச்சிடாதீங்க மகன், அது திரும்ப வரும்" என்பார். நான் எடுக்கும் கசெட்டின் முதலாம் இடத்தில் றிஸ்வி என்றிருக்கும்.

அம்மா வேலையால் வரும்வரை, பூட்டிய ஃபிளாட்டுக்குள் எனக்கிருந்த ஒரே கூட்டாளி, நான் கண்டேயிராத, எப்போது எடுத்தாலும் என்னைவிட ஒரு கட்டம் முன்னுக்கு நின்ற அந்த றிஸ்விதான்.

கடையை இடித்து அடுக்குமாடி கட்டிவிட்டார்கள். முதலாம் இடத்தில் றிஸ்வி என்று எழுதிவிட்டு, இரண்டாவதில் விளையாடத் தொடங்கினேன்.