ஊமைப்பட நடிகையின் தேன்குரல்

ஊமைப்பட காலத்து நடிகை ஒருவரைப் பற்றி மன்னார்குடி விழாவில் நான் பேச வேண்டும். பேசும் படம் வந்ததும் வாய்ப்பிழந்து, ஊரே மறந்துபோன பெண். அவரைப் பற்றி நாலு உண்மையாவது சொல்லிவிட ஆசை. தலைமை, ஓர் அரிசி ஆலை முதலாளி. போர்த்திய பொன்னாடையிலேயே முகம் துடைத்துக்கொள்ளும் பெருந்தகை.

"அந்தம்மா குரலு இருக்கே, தேனு!" என்று முழங்கினார். அரங்கம் அதிர்ந்தது. அடுத்து நான். எனக்கோ மேடை என்றாலே பயம்.

அவர் உட்கார்ந்ததும், "ஐயா, அந்தம்மா படத்துல பேசவே இல்லீங்களே" என்று காதில் முனகினேன்.

"தெரியும் சார். ஊமப்படம்னு சொன்னா எவன் கை தட்டுவான்? நீங்களும் குரலையே புகழ்ந்துட்டு உக்காருங்க."

அவர் மானத்தை வாங்கிவிடும் உத்தேசத்தோடு மைக்கைப் பிடித்தேன். பயத்தில் வாயிலிருந்து வெறும் காற்றுதான் வந்தது. "பிரமாதம்!" என்று முதல் ஆளாகக் கை தட்டியவரும் அவர்தான். எதற்குத் தட்டினார் என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை.