பூச்சியம் ஆகாத சாயத்தண்ணீர்

தாராவியில் தோலுக்குச் சாயமேற்றும் கரீம் பாட்சா, நாற்பத்திரண்டாம் வயதில், யாரும் கேட்டுக்கொள்ளாமலே தபால் வழியில் பி.எஸ்ஸி. வேதியியலில் சேர்ந்தார். இயற்பியல் வேதியியலுக்குள் நுழைய முதலில் ஒரு கணிதத் தாளைத் தாண்டவேண்டும். இரண்டு முறை தாண்டப் பார்த்து விழுந்தாயிற்று. மூன்றாவதுதான் கடைசி வாய்ப்பு.

உழைப்பில் குறை சொல்ல முடியாது. சாய டிரம் தாலாட்டுவதுபோல் உருள, அரைக்கண் மூடி நுண்கணிதத்தில் மிதப்பார். பஸ் மேம்பாலம் ஏறினால் சாய்வு பிளஸ், உச்சியில் பூச்சியம், செம்பூர்ப் பக்கம் இறங்கினால் மைனஸ். கண்டக்டர் எங்கே போகவேண்டும் என்று கேட்டதற்கு "மைனஸ்" என்று டிக்கெட் கேட்டதாகக் கேள்வி.

தோற்றது ஒரே இடத்தில்தான். கரைசலில் உள்ள பொருள் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை பாதியாகிறது, எப்போது பூச்சியமாகும்? 'ஒருபோதும் ஆகாது' என்றது சமன்பாடு. தோல் சாயத்தைக் குடித்துத் தண்ணீர் தெளிந்துவிட்டதா என்று இருபது வருடமாகக் கண்ணாடி டம்ளரில் மொண்டு வெளிச்சத்தில் பார்ப்பவர் அதை எப்படி நம்புவார்? இரண்டு முறையும், "ஒன்றரை மணி நேரம். பிறகு டிரம்மை நிறுத்திவிடலாம்" என்று எழுதினார். மீதிக் கணக்குகளெல்லாம் அந்த விடையின் தலைமேல் நின்றிருந்தன, சேர்ந்தே சரிந்தன.

தேர்வுக்கு இரண்டு நாள் முன்பு, பட்டறைக் கூட்டாளி ஷகீல் டம்ளரைத் தூக்கிப் பார்த்தார்.

"தண்ணி தெளிஞ்சுட்டு மச்சான். டிரம்ம பந்த் பண்ணு, போதும்!"

"பூச்சியம்" என்று தீர்ப்பளித்த கரீம், அதே தண்ணீரில் கையை அலசினார். மேலே வீட்டுக்குச் சாப்பிட ஏறியவர், கொடியில் கிடந்த மனைவி சைனபின் வெள்ளைத் துப்பட்டியில் துடைத்தார். சோறு முடிவதற்குள் குரல் வந்தது.

"ஏங்க, இது என்ன கறை?"

"வெறுந் தண்ணிதாம் பிள்ள."

"வெறுந் தண்ணி ரோஸ் கலர்லயாக்கும் காயும்? பெரிய கணக்கெல்லாம் படிக்கிறீய, கை கழுவத் தெரியல!"

கரீம் துப்பட்டியைச் சன்னல் வெயிலில் பிடித்துக்கொண்டு கனவில் நிற்பவர்போல் நின்றார்.

"ஆகல, சைனப்! பூச்சியம் ஆகவே இல்ல!"

தேர்வில் 'ஒருபோதும் ஆகாது' என்றெழுதி இரண்டு கோடு போட்டார். நாற்பது வேண்டும், நாற்பத்தொன்று வந்தது. சைனப் சேமியாப் பாயசம் காய்ச்சினார். ஊற்றும்போதே கேட்டார்:

"அது கெடக்கட்டும். துப்பட்டிய பத்துத் தடவ துவைச்சுட்டேன், ஒவ்வொரு தடவையும் பாதி பாதியாத்தான் போவுது. முழுசா எப்பங்க போவும்?"

விடை தெரிந்தவர் பாயசத்தைக் குடித்துவிட்டுச் சட்டைப்பையில் இருந்த பணத்தை எண்ணினார்.

மறுநாள் புதுத் துப்பட்டி வந்தது.